டப்பாவின் மேல் எழுதியிருப்பதைப் படித்தீர்களா?

நிலம் வாங்கும்போது பத்திரத்தை வரி விடாமல் படிக்கச் சொல்லிக் கேட்கிறோம். கூட்டுறவுச் சங்கத்தில் கடன் வாங்கினால் எந்தத் தாளில் கையெழுத்துப் போடுகிறோம் என்று பார்க்கிறோம். ஆனால், ஒரு பருவத்தில் நாலைந்து முறை வீட்டுக்குள் வந்துபோகும் பூச்சிமருந்து டப்பாவின் மேல் என்ன எழுதியிருக்கிறது என்று பெரும்பாலோர் பார்ப்பதில்லை. எழுத்து பொடியாக இருக்கிறது. சொற்களோ ஆங்கிலமும் இலத்தீனும் கலந்தவையாக இருக்கின்றன. "கடைக்காரர் சொன்னால் போதும்" என்று விட்டுவிடுகிறோம்.

உண்மையில் அந்தச் சீட்டில் நமக்கு வேண்டிய சொற்கள் இருபது, இருபத்தைந்துக்கு மேல் இல்லை. அவற்றுள் சில பணத்தைக் காப்பவை. சில பயிரைக் காப்பவை. ஒன்றிரண்டு உயிரைக் காப்பவை. அவற்றின் பொருளை இக்கட்டுரையில் ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

மருந்தா, நஞ்சா?

முதலில் நம் சொல்லையே எடுத்துக்கொள்வோம். நாம் "மருந்து" என்கிறோம், "மருந்தடிக்கிறோம்" என்கிறோம். பயிருக்கு வந்த நோயைத் தீர்ப்பது என்ற எண்ணத்தில் பிறந்த சொல் இது. ஆனால் சீட்டில் மருந்து என்ற பொருள் தரும் சொல் எதுவும் இல்லை. அங்கே இருப்பது "பெஸ்டிசைடு", "இன்செக்டிசைடு" போன்ற சொற்கள். இவற்றின் கடைசியில் வரும் "சைடு" என்பது, வெட்டுதல், கொல்லுதல் என்று பொருள்படும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. ஆகவே எந்தப் பெயர் "சைடு" என்று முடிந்தாலும் அது ஒரு கொல்லி என்று அறியவும். எதைக் கொல்லும் என்பதை அதன் முன்பாதி சொல்லும்.

இன்செக்டிசைடு என்பது பூச்சிக்கொல்லி. ஃபங்கிசைடு என்பது பூசணக்கொல்லி. ஹெர்பிசைடு அல்லது வீடிசைடு என்பது களைக்கொல்லி. ரோடன்டிசைடு என்பது எலிக்கொல்லி; கொறிப்பது என்ற பொருளில் அமைந்த பெயர் அது. நெமட்டிசைடு என்பது நூற்புழுக்கொல்லி. "நெமா" என்றால் கிரேக்க மொழியில் நூல். நம் தமிழ்ப் பெயரும் அதே பொருளில் அமைந்திருப்பதைக் காணலாம். அகாரிசைடு அல்லது மைட்டிசைடு என்பது சிலந்திக்கொல்லி. செஞ்சிலந்தி போன்றவற்றுக்கு எட்டுக் கால்; பூச்சிக்கு ஆறு கால். இரண்டும் வேறு இனம். அதனால்தான் செஞ்சிலந்தி தாக்கிய செடிக்குப் பூச்சிக்கொல்லியை மாற்றி மாற்றித் தெளித்தும் பல சமயங்களில் பலன் கிடைப்பதில்லை.

இந்த முன்பாதியைக் கவனிக்காமல் விட்டால் நேரும் இழப்புக்கு ஓர் உதாரணம் பருத்தி. 2,4-டி என்பது அகன்ற இலைக் களைகளைக் கொல்லும் களைக்கொல்லி. மக்காச்சோளத்திலும் கரும்பிலும் அதைப் பயன்படுத்துகிறார்கள். பருத்தியும் அகன்ற இலைப் பயிர்தான். 2,4-டி தெளித்த தெளிப்பானைச் சரிவரக் கழுவாமல் பருத்திக்குப் பூச்சிக்கொல்லி தெளித்தால், தொட்டியில் தங்கிய சிறு அளவே இலைகளை ஒடுங்க வைத்துவிடும். இலை விரல் விரலாக நீண்டு, பயிர் வளர்ச்சி குன்றும். ஆகவே களைக்கொல்லிக்குத் தனியாக ஒரு தெளிப்பான் வைத்துக்கொள்வதே நல்லது.

களைக்கொல்லிச் சீட்டில் இன்னும் சில சொற்களைப் பார்க்க வேண்டும். "ப்ரீ எமர்ஜென்ஸ்" என்றால் களை முளைக்கும் முன் தெளிப்பது. "போஸ்ட் எமர்ஜென்ஸ்" என்றால் முளைத்தபின் தெளிப்பது. "செலக்டிவ்" என்றால் குறிப்பிட்ட பயிரை விட்டுவிட்டுக் களையை மட்டும் தாக்குவது. "நான் செலக்டிவ்" என்றால் பயிர், களை என்ற பேதமின்றிப் பசுமையாக உள்ள எதையும் தாக்குவது. கிளைபோசேட் இந்த இரண்டாம் வகையைச் சேர்ந்தது. "நான்" என்ற மூன்றெழுத்தைக் கவனிக்காமல் விட்டால் ஒரு போக விளைச்சல் போய்விடும்.

ஒரு பொருளுக்கு மூன்று பெயர்

டப்பாவில் பெரிய எழுத்தில் அச்சிட்டிருப்பது வணிகப் பெயர். "ட்ரேட் நேம்" என்பார்கள். அது கம்பெனி தன் விருப்பம்போல் சூட்டிய பெயர். அதன் கீழே சிறிய எழுத்தில் இருப்பதுதான் "காமன் நேம்" அல்லது "டெக்னிக்கல் நேம்". இதைப் பொதுப்பெயர் என்று கொள்ளலாம். இமிடாகுளோப்ரிட், குயினால்பாஸ், மேன்கோசெப் என்பன பொதுப்பெயர்கள். எந்தக் கம்பெனி தயாரித்தாலும் பொதுப்பெயர் மாறாது. மூன்றாவது, நீளமான இரசாயனப் பெயர். அது வேதியியலாருக்கு உரியது. நாம் மனத்தில் வைக்க வேண்டியது நடுவில் உள்ள பொதுப்பெயர் ஒன்றையே.

இதனால் பயன் என்ன? முதலாவது, ஒரே பொருளை இரண்டு வணிகப் பெயர்களில் இரண்டு முறை வாங்கி, "புது மருந்து அடித்தேன், கேட்கவில்லை" என்று சொல்லும் நிலை வராது. இரண்டாவது, தடை செய்யப்பட்ட பொருளைக் கண்டுகொள்ளலாம். எண்டோசல்பானை உச்ச நீதிமன்றம் 2011ஆம் ஆண்டு தடை செய்தது. மீதைல் பாரத்தியானை மத்திய அரசின் 2018ஆம் ஆண்டு ஆணை உடனடியாகத் தடை செய்தது. அதே ஆணை ஃபோரேட், டிரையசோபாஸ், டைகுளோர்வாஸ் ஆகியவற்றுக்கு 2020 டிசம்பர் 31-ஐக் கடைசி நாளாக வைத்தது. தடைகள் எல்லாம் பொதுப்பெயரிலேயே வருகின்றன. வணிகப் பெயரை மட்டும் தெரிந்து வைத்திருப்பவருக்கு, பழைய சரக்கை யாரேனும் கையில் திணித்தாலும் தெரியாது.

மூன்றாவது பயன் எல்லாவற்றிலும் பெரியது. பொதுப்பெயரின் கடைசி அசை பெரும்பாலும் அதன் குடும்பத்தைக் காட்டிவிடும். "பாஸ்" என்று முடிந்தால் பெரும்பாலும் ஆர்கனோபாஸ்பரஸ் குடும்பம்: குயினால்பாஸ், புரோபனோபாஸ். "த்ரின்" என்று முடிந்தால் பைரித்ராய்டு குடும்பம்: சைபர்மெத்ரின், டெல்டாமெத்ரின். இமிடாகுளோப்ரிட், அசிட்டாமிப்ரிட் ஆகிய இரண்டும் நியோநிகோடினாய்டு குடும்பம். புகையிலையில் உள்ள நிகோடினை ஒத்து வேலை செய்வதால் இந்தப் பெயர். தயாமீத்தாக்சம் என்பதும் முடிவு வேறானாலும் இதே குடும்பம்தான்.

ஒரே குடும்பத்துப் பூச்சிக்கொல்லியைத் திரும்பத் திரும்பத் தெளித்தால் பூச்சிக்கு அதைத் தாங்கும் சக்தி வந்துவிடுகிறது. இதுவே "ரெசிஸ்டன்ஸ்", அதாவது எதிர்ப்புத்திறன். இந்த முறை இமிடாகுளோப்ரிட், அடுத்த முறை அசிட்டாமிப்ரிட் என்று தெளித்தால் பெயரைத்தான் மாற்றினோம், குடும்பத்தை மாற்றவில்லை. பூச்சிக்கு அது பழைய நஞ்சுதான்.

எண்ணும் எழுத்தும்

பொதுப்பெயரை அடுத்து ஓர் எண்ணும் இரண்டு எழுத்துகளும் இருக்கும். இமிடாகுளோப்ரிட் 17.8 எஸ்.எல். என்பது போல. எண் என்பது "ஆக்டிவ் இன்கிரிடியன்ட்", சுருக்கமாக ஏ.ஐ., நூற்றுக்கு எத்தனை பங்கு இருக்கிறது என்பதைக் காட்டும். இதை வீரியப்பொருள் எனலாம். பூச்சியைக் கொல்வது அதுதான். மற்றவை கரைப்பான், நிரப்புப்பொருள், ஒட்டுவதற்கும் பரவுவதற்கும் சேர்த்தவை.

இமிடாகுளோப்ரிட் கடையில் 17.8 எஸ்.எல்., 30.5 எஸ்.சி., 70 டபிள்யூ.ஜி. என்று பல வடிவங்களில் கிடைக்கிறது. 100 கிராம் எடுத்தால் முதலாவதில் 17.8 கிராம் வீரியப்பொருள் இருக்கும். கடைசியில் 70 கிராம் இருக்கும். ஏறத்தாழ நான்கு மடங்கு! பக்கத்து வயல்காரர் "இமிடா, டேங்குக்கு இரண்டு மூடி" என்று சொன்னதை நம்பி வேறு எண் கொண்ட டப்பாவில் அதே அளவு எடுத்தால் என்ன ஆகும் என்பதை நீங்களே எண்ணிப் பாருங்கள். எண்ணைக் கேளாமல் அளவைக் கேட்கக் கூடாது.

எழுத்துகள் அந்தப் பொருள் எந்த வடிவில் இருக்கிறது என்று காட்டும். முக்கியமானவை வருமாறு:

இ.சி.: பால்மமாகும் திரவம். தண்ணீரில் ஊற்றினால் பால்போல் வெண்மையாகும். "எமல்ஷன்" என்ற சொல்லே பால் கறத்தல் என்ற பொருளுள்ள இலத்தீன் சொல்லிலிருந்து வந்ததுதான். வெண்மையாகாமல் எண்ணெய் தனியே மிதந்தால் சரக்கு கெட்டிருக்கலாம், தெளிக்க வேண்டாம்.

எஸ்.எல்.: தண்ணீரில் முழுதும் கரையும் திரவம்.

எஸ்.சி.: நுண்ணிய துகள்கள் மிதக்கும் கெட்டித் திரவம். அடியில் படியும். எனவே ஒவ்வொரு முறையும் நன்றாகக் குலுக்கியபின் அளக்க வேண்டும். குலுக்காமல் எடுத்தால் முதல் டேங்கில் வீரியம் குறையும். கடைசி டேங்கில் கூடும்.

டபிள்யூ.பி.: நனையும் தூள். முதலில் சிறிது தண்ணீரில் குச்சியால் கலக்கிக் குழம்பாக்கி, பிறகு மீதித் தண்ணீரைச் சேர்க்க வேண்டும். மேன்கோசெப் 75 டபிள்யூ.பி. இவ்வகை.

டபிள்யூ.ஜி.: தண்ணீரில் உதிர்ந்து கலக்கும் சிறு மணிகள்.

ஜி அல்லது ஜி.ஆர்.: குருணை. நெல் தண்டுத் துளைப்பானுக்கு இடும் கார்டாப் ஹைட்ரோகுளோரைடு 4 ஜி போன்றவை. குருணையை வயலில் இட வேண்டும். தண்ணீரில் கரைத்துத் தெளிக்கக் கூடாது.

டி.பி.: தூவும் தூள். இதையும் தண்ணீரில் கலக்கக் கூடாது.

எஃப்.எஸ்., டபிள்யூ.எஸ்.: விதை நேர்த்திக்கு உரியவை. நேர்த்தி செய்த விதையில் மிஞ்சியதைக் கோழிக்கோ மாட்டுக்கோ போடக் கூடாது. உலையிலும் இடக் கூடாது.

அளவைப் பற்றி இன்னொரு எச்சரிக்கை. சீட்டில் அளவுகள் பெரும்பாலும் "பெர் எக்டர்" என்றே இருக்கும். ஒரு எக்டர் என்பது ஏறத்தாழ இரண்டரை ஏக்கர். சீட்டில் 500 மில்லி என்றிருந்தால் ஏக்கருக்கு 200 மில்லிதான். எக்டர் கணக்கை ஏக்கர் கணக்காக எடுத்துக்கொண்டால் இரண்டரை மடங்கு காசு போகும்; இரண்டரை மடங்கு நஞ்சு பயிரில் சேரும். மேலும் "ஃபைட்டோடாக்சிசிட்டி" என்ற விளைவும் ஏற்படலாம். பயிருக்கே நஞ்சாதல் என்பது இதன் பொருள். இலை கருகுவது, பூ கொட்டுவது எல்லாம் இதன் அடையாளங்கள்.

எந்த வழியில் கொல்லும்?

"கான்டாக்ட்" என்றால் தொடு நஞ்சு. பூச்சியின் உடலில் பட்டால்தான் கொல்லும். ஆகவே இலையின் அடிப்புறமும் நனையத் தெளிக்க வேண்டும். "ஸ்டமக் பாய்சன்" என்றால் குடல் நஞ்சு. இலையைக் கடித்துத் தின்னும் புழுவுக்கு ஏற்றது. "ஃபியூமிகன்ட்" என்றால் புகை நஞ்சு. மூடிய இடத்தில் ஆவியாகிக் கொல்வது. "சிஸ்டமிக்" என்றால் செடியின் சாற்றோடு கலந்து ஊடுருவிப் பாய்வது. அசுவினி, தத்துப்பூச்சி, வெள்ளை ஈ போன்ற சாறு உறிஞ்சும் பூச்சிகளுக்கு இது ஏற்றது.

சிஸ்டமிக் என்ற சொல்லைக் கண்டால் இன்னொன்றையும் நினைவில் கொள்ளவும். இந்த நஞ்சு காயின் மேல்தோலில் மட்டும் நிற்பதில்லை, உள்ளேயும் சென்றுவிடுகிறது. கத்தரிக்காயையும் வெண்டைக்காயையும் தண்ணீரில் கழுவினால் போய்விடும் என்று எண்ண முடியாது. அது தானாகச் சிதைந்து குறைய நாள் வேண்டும். அந்த நாள் கணக்குத்தான் சீட்டில் "வெயிட்டிங் பீரியட்" என்று அச்சிட்டிருப்பது. அதாவது கடைசித் தெளிப்புக்கும் அறுவடைக்கும் இடையே விட வேண்டிய காத்திருப்புக் காலம். பயிருக்குப் பயிர் இந்த நாள் மாறும். 7 என்றிருந்தால் ஏழு நாள் கழித்தே பறிக்க வேண்டும். சந்தைக்கு ஒரு நாள் விட்டு ஒரு நாள் காய் பறிப்பவர்கள், காத்திருப்புக் காலம் குறைந்த பொருளையே கேட்டு வாங்க வேண்டும். அப்படிக் காத்திராமல் பறித்த காயில் தங்குவதுதான் "ரெசிட்யூ", எஞ்சிய நஞ்சு. இதை பி.பி.எம். என்ற அளவில் சொல்வார்கள். ஒரு கிலோவில் ஒரு மில்லிகிராம் இருந்தால் அது ஒரு பி.பி.எம்.

நான்கு நிறங்கள்

1968ஆம் ஆண்டுப் பூச்சிக்கொல்லிச் சட்டத்தின் கீழ் 1971இல் வகுத்த விதிகளின்படி, ஒவ்வொரு டப்பாவிலும் முனையில் நிற்கும் ஒரு சதுரம் அச்சிட்டிருக்கும். அதன் கீழ்ப்பாதி முக்கோணத்தின் நிறம் நஞ்சின் கடுமையைக் காட்டும். சிவப்பு மிகக் கொடிய நஞ்சு. மேலே மண்டையோடும் "பாய்சன்" என்ற சொல்லும் இருக்கும். மஞ்சள் கடும் நஞ்சு. இதிலும் "பாய்சன்" என்றே இருக்கும். நீலம் நடுத்தரம், "டேஞ்சர்", அதாவது அபாயம் என்றிருக்கும். பச்சை சற்றே நஞ்சுள்ளது; "காஷன்", அதாவது எச்சரிக்கை என்றிருக்கும்.

இந்த நிறங்களைப் பிரிக்க ஓர் அளவு வேண்டுமல்லவா? அதுதான் எல்.டி.50. டிரெவன் என்ற ஆங்கில விஞ்ஞானி 1927ஆம் ஆண்டு இந்த அளவைப் புகுத்தினார். சோதனை விலங்குகளில் சரிபாதியைக் கொல்லத் தேவையான அளவு என்பது இதன் பொருள். உடல் எடையில் ஒவ்வொரு கிலோவுக்கும் இத்தனை மில்லிகிராம் என்று கணக்கிடுவார்கள். வாய்வழி எல்.டி.50 எண் 1 முதல் 50 வரை சிவப்பு. 51 முதல் 500 வரை மஞ்சள். 501 முதல் 5,000 வரை நீலம். அதற்கு மேல் பச்சை. எண் சிறிதானால் நஞ்சு பெரிது என்று நினைவில் வைத்தால் போதும்.

பச்சை என்றால் பயமில்லை என்று சிலர் எண்ணுகிறார்கள். அது தவறு. பச்சை முக்கோணமும் ஒரு நஞ்சின் மேல்தான் இருக்கிறது. கையுறை, முகக்கவசம், முழுக்கைச் சட்டை எல்லாம் அதற்கும் வேண்டும்.

உயிர் காக்கும் ஒரு சொல்

சீட்டிலும் உள்ளே மடித்து வைத்த துண்டுத்தாளிலும் "ஆன்டிடோட்" என்ற தலைப்பில் ஒரு வரி இருக்கும். எதிராகக் கொடுப்பது என்ற பொருளுள்ள கிரேக்கச் சொல் அது. நாம் முறிமருந்து என்கிறோம். ஆர்கனோபாஸ்பரஸ், கார்பமேட் குடும்பங்களுக்கு "அட்ரோபின்" என்று எழுதியிருக்கும். வேறு பலவற்றில் "ஸ்பெசிஃபிக் ஆன்டிடோட் இல்லை, சிம்டமாட்டிக் ட்ரீட்மென்ட்" என்றிருக்கும். அதைக் கண்டு மருத்துவமே இல்லை என்று மனம் தளர வேண்டாம். அந்த நஞ்சுக்கென்று தனி முறிமருந்து இல்லை, அறிகுறிகளைப் பார்த்து மருத்துவர் சிகிச்சை தருவார் என்பதே பொருள். முறிமருந்தை நாமே வாங்கிக் கொடுக்கவும் கூடாது. அது மருத்துவர் கையில் மட்டுமே மருந்து.

2017ஆம் ஆண்டு மகாராஷ்டிரத்தின் யவத்மால் மாவட்டத்தில் பருத்திக்குத் தெளித்த விவசாயிகளும் கூலியாட்களுமாக 20 பேருக்கு மேல் இறந்தனர். அதே ஆண்டில் நம் பெரம்பலூர் மாவட்டத்திலும் பருத்தி வயலில் தெளித்தவர்கள் நஞ்சேறி இறந்தனர். இவர்கள் நஞ்சைக் குடித்தவர்கள் அல்லர், வேலை செய்தவர்கள். நஞ்சு வாய்வழி மட்டுமன்றித் தோல் வழியாகவும் மூச்சு வழியாகவும் ஏறும் என்பதை இது காட்டுகிறது.

தெளிக்கும்போதோ தெளித்தபின்போ தலைசுற்றல், மிகுந்த வியர்வை, வாயில் நீர் ஊறல், கண் மங்கல், மூச்சுத் திணறல் என்று ஏதேனும் கண்டால் உடனே வயலைவிட்டு வெளியே காற்றோட்டமான இடத்துக்குக் கொண்டுவர வேண்டும். நனைந்த துணியைக் களைந்து, உடலைச் சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும். 108-க்குச் சொல்லி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். போகும்போது டப்பாவையோ அதன் சீட்டையோ கட்டாயம் எடுத்துச் செல்ல வேண்டும்.

ஏனெனில் மருத்துவர் கேட்கும் முதற் கேள்வி, "என்ன மருந்து?" என்பதுதான். "பருத்திக்கு அடிக்கிறது", "பச்சைக் கலர் டப்பா" என்ற பதில்களால் அவருக்குப் பயனில்லை. அட்ரோபின் கொடுக்க வேண்டிய நஞ்சா, வேறா என்பதை அந்தப் பொதுப்பெயர்தான் அவருக்கு விரைவில் சொல்லும். இரண்டு, மூன்று பொருள்களைக் கலந்து தெளித்திருந்தால் எல்லாச் சீட்டுகளும் வேண்டும்.

இதே காரணத்தால்தான், மீதியான பூச்சிக்கொல்லியைக் கலர் பாட்டிலிலோ தண்ணீர் பாட்டிலிலோ ஊற்றி வைக்கக் கூடாது என்கிறோம். குழந்தை எடுத்துக் குடித்துவிடும் என்ற ஆபத்து ஒன்று. குடித்தது என்னவென்று சொல்லப் பெயரும் இல்லாமல் போவது மற்றொன்று.

கடையில் நிற்கும்போது

அடுத்த முறை வாங்கும்போது ஐந்து இடங்களைப் பாருங்கள். பொதுப்பெயரும் அதையடுத்த எண்ணும் எழுத்தும், முக்கோணத்தின் நிறம், உங்கள் பயிரும் பூச்சியும் அந்தச் சீட்டில் இருக்கின்றனவா என்பது, காத்திருப்புக் காலம், "எக்ஸ்பைரி டேட்" என்னும் காலாவதி நாள். "பேட்ச் நம்பர்" என்பது தயாரிப்பு வரிசை எண். அதைக் குறித்த ரசீதைக் கேட்டு வாங்குங்கள். சரக்கில் குறை இருந்தால் முறையிட அதுவே சான்று.

எழுத்து பொடியாக இருந்தால் பள்ளியில் படிக்கும் மகனையோ மகளையோ படிக்கச் சொல்லுங்கள். பொதுப்பெயரைத் தமிழ் எழுத்தில் ஒரு நோட்டில் எழுதி, தெளித்த நாளையும் பக்கத்தில் குறித்து வையுங்கள். தெளிப்பது நீங்களாக இல்லாமல் கூலிக்கு வந்தவராக இருந்தால், அவரிடமும் அந்தப் பெயரைச் சொல்லிவிட்டுத் தெளிப்பானைக் கொடுங்கள். நஞ்சு ஏறப்போவது அவர் உடம்பில். அதன் பெயர் அவருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.